காலம் எங்கே தொலைகிறது? தசை நோய்களைக் கண்டறியும் சோதனைகளும் அவற்றின் வரிசையும்

தசை நோய்களைக் கண்டறியும் சோதனைகளைப் பற்றிப் பேச வருகிறவர்கள் பெரும்பாலும் புதிதாக வந்த கருவிகளிலிருந்துதான் தொடங்குவார்கள். நான் ஒரு பழைய, மலிவான இரத்தச் சோதனையிலிருந்து தொடங்க விரும்புகிறேன். தசை நோய்களில் சோதனைகளுக்குப் பஞ்சமில்லை. எந்தக் கேள்விக்கு எந்தச் சோதனை, எது முன்னால், எது பின்னால் என்ற தெளிவுக்குத்தான் பஞ்சம். அந்தத் தெளிவு இல்லாததால் குழந்தைகள் ஆண்டுக்கணக்கில் காலத்தை இழக்கிறார்கள் என்பதே இந்த உரையின் வாதம். இதற்கு டுஷேன் தசைச்சிதைவு என்னும் நோயை முதன்மைச் சான்றாக எடுத்துக்கொள்கிறேன். ஏறத்தாழ 3,500 முதல் 5,000 ஆண் குழந்தைகளுக்கு ஒருவரை இது தாக்குகிறது. குழந்தை பிறக்கும்போது எதுவும் தெரியாது. நடை சற்றுத் தாமதமாக வரும். பிறகு அடிக்கடி விழுவான், படி ஏறக் கைப்பிடியைத் தேடுவான், ஓடினால் மற்றப் பிள்ளைகளுக்குப் பின்தங்குவான். கெண்டைக்கால் மட்டும் பருத்து, பார்ப்பவர்களுக்கு நல்ல வலுவான கால் என்றே தோன்றும். சிகிச்சை இல்லாவிட்டால் பன்னிரண்டு வயதுக்குள் நடை நின்றுவிடும். அதன்பின் மூச்சுத் தசைகளும் இதயமும் தளரும்.

அமெரிக்காவின் சில மாநிலங்களில் இந்தச் சிறுவர்களின் மருத்துவப் பதிவேடுகளை ஆராய்ந்து 2009இல் வெளியான ஆய்வு ஒன்றின் எண்கள் என் வாதத்துக்கு அடித்தளம். குடும்பத்தில் முன்பு இந்நோய் இல்லாத சிறுவர்களை அது எடுத்துக்கொண்டது. ஏதோ சரியில்லை என்று பெற்றோரோ மற்றவரோ முதலில் கவனித்தபோது அவர்களின் சராசரி வயது 2.5. முதல்நிலை மருத்துவர் அந்தக் குறைக்காகப் பரிசோதித்தபோது 3.6. கிரியேட்டின் கைனேஸ் என்னும் நொதியை, அதாவது நம் ஆய்வகங்களில் சி.பி.கே. என்று எழுதும் அதே சோதனையை, முதன்முதலில் செய்தபோது 4.7. நோய் இன்னதென்று உறுதியானபோது 4.9. இந்த நான்கு எண்களையும் அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். இரத்தச் சோதனை செய்தபின் மரபணுச் சோதனையும் தசைத் திசு ஆய்வும் முடிந்து முடிவு வருவதற்குச் இரண்டு மூன்று மாதங்களே ஆகியிருக்கின்றன. அந்த முதல் சோதனையை எழுதித் தருவதற்கு முன்னால் போனதோ இரண்டு ஆண்டுகளுக்கும் மேல். சிறப்பு மருத்துவர்களும் உயர்தர ஆய்வகங்களும் நிறைந்த ஒரு நாட்டில் இப்படி நடந்திருக்கிறது. கடினமான, விலை உயர்ந்த சோதனைகள் விரைவாகவே நடந்தன. எளிய சோதனைதான் யாருக்கும் நினைவுக்கு வரவில்லை.

இந்த மறதி எப்படி வந்தது என்று அறியச் சோதனைகளின் வரலாற்றைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். லண்டனில் எட்வர்டு மெரியான் என்ற மருத்துவர் 1850களின் தொடக்கத்திலேயே இந்நோயை விவரித்தார். நரம்பு மண்டலம் நன்றாக இருக்க, தசை இழையின் உறையே சிதைகிறது என்று உருப்பெருக்கியில் பார்த்து எழுதினார். அந்த உறையில்தான் கோளாறு என்பது நூறாண்டுக்கும் மேல் கழித்து உறுதியானது என்பதை நினைக்கும்போது அவருடைய கண்ணின் கூர்மை வியக்க வைக்கிறது. பாரிசில் கியோம் டுஷேன் ஒரு படி மேலே போனார். ஈட்டி முனை போன்ற ஊசி ஒன்றை அவரே வடிவமைத்து, உயிரோடு இருக்கும் நோயாளியின் தசையிலிருந்து சிறு துணுக்கை எடுத்துப் பார்த்தார். அதுவரை பெரும்பாலும் இறந்தபின்தான் தசையைப் பார்க்க முடிந்தது. இன்று நாம் பயாப்சி என்று சொல்லும் முறையின் தொடக்கங்களில் அதுவும் ஒன்று. 1868இல் அவர் 13 நோயாளிகளைப் பற்றி விரிவாக எழுதினார், நோய்க்கு அவர் பெயரே நிலைத்தது. 1879இல் வில்லியம் கோவர்ஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர், எந்தக் கருவியும் வேண்டாத ஒரு சோதனையைப் பதிவு செய்தார். தரையில் உட்கார்ந்த சிறுவனை எழுந்திருக்கச் சொல்ல வேண்டும். அவன் முதலில் குப்புறத் திரும்பி நான்கு காலில் நிற்பான், பிறகு முழங்காலில் ஒரு கை, தொடையில் ஒரு கை என்று தன் உடம்பின் மீதே ஊன்றி ஊன்றி நிமிர்வான். இடுப்பைச் சுற்றியுள்ள தசைகள் வலுவிழந்துவிட்டன என்பதற்கு இதைவிடத் தெளிவான அடையாளம் இன்றும் இல்லை. செலவு ஒரு நிமிடமும் ஒரு தரையும்தான்.

கண்ணால் பார்ப்பதற்கும் கத்தியால் எடுப்பதற்கும் இடையில் இருந்த வெற்றிடத்தை இரத்தச் சோதனை நிரப்பியது. 1959இல் ஜப்பானில் எபாஷி செட்சுரோவும் அவருடைய குழுவினரும் தசைச்சிதைவு நோயாளிகளின் இரத்தத்தில் கிரியேட்டின் கைனேஸ் மிக உயர்ந்திருப்பதைக் கண்டார்கள். தசை சுருங்குவதற்கான ஆற்றலைத் தயாராக வைத்திருக்க உதவும் நொதி அது. இருக்க வேண்டிய இடம் தசை இழையின் உள்ளே. இழையின் உறை கிழிந்தால் வெளியே கசிந்து இரத்தத்தில் கலக்கிறது. பெரியவர்களுக்கு லிட்டருக்கு 200 அலகு அளவில் இருக்க வேண்டியது, டுஷேன் சிறுவர்களிடம் பத்து மடங்கு முதல் நூறு மடங்கு வரை ஏறியிருக்கும். 10,000, 20,000 என்ற எண்கள் இங்கே சாதாரணம். முக்கியமான செய்தி இன்னொன்று. இந்த உயர்வு நோயின் அடையாளங்கள் வெளியே தெரிவதற்கு முன்பே, பிறந்த குழந்தையிடமே இருக்கிறது. நோய் முற்றிக் கசிவதற்கே தசை மிச்சமில்லாமல் போகும்போது எண் இறங்குகிறது. அதாவது எப்போது கண்டுபிடிப்பது மிகவும் பயனுள்ளதோ, அப்போது இந்தச் சோதனை மிகவும் உரக்கப் பேசுகிறது.

கிரியேட்டின் கைனேஸ் (சி.கே.) உயர்வு ஒன்றையும் உறுதிப்படுத்தாதே என்ற மறுப்பு நியாயமானது. கடுமையாக உடற்பயிற்சி செய்தவனுக்கு அது உயரும், தசையில் ஊசி போட்டுக்கொண்டவனுக்கு உயரும், கொழுப்பைக் குறைக்கும் ஸ்டாட்டின் மாத்திரை எடுப்பவருக்கு உயரலாம், தைராய்டு குறைந்தவருக்கும் உயரும். நூற்றுக்கணக்கில் உயர்ந்த ஒரு எண்ணைக் கண்டு பதறுவதில் பொருளில்லை, சில நாள் ஓய்வுக்குப் பின் மறுபடி பார்க்க வேண்டும், தைராய்டையும் பார்க்க வேண்டும். ஆனால் சோதனையிடம் அது சொல்ல வராத பதிலை எதிர்பார்ப்பதிலிருந்துதான் இந்த மறுப்பு பிறக்கிறது. கிரியேட்டின் கைனேஸ் நோயின் பெயரைச் சொல்வதில்லை, கோளாறு இருக்கும் இடத்தைச் சொல்கிறது. மெதுவாக நடக்கும் ஒரு குழந்தையிடம் மருத்துவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி, சிக்கல் மூளையிலா, முதுகுத்தண்டிலா, நரம்பிலா, தசையிலா என்பது. நான்கு வயதுச் சிறுவனுக்கு எண் பத்தாயிரத்தைத் தாண்டினால் அந்தக் கேள்விக்கு அன்று மாலையே பதில் கிடைத்துவிட்டது. மறுபக்கமும் உண்டு. எண் இயல்பாக இருந்தால் தசை நலமாக இருக்கிறது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. மயஸ்தீனியா என்னும் நரம்புதசை இணைப்பு நோயில் அது உயராது. நெடுநாள் ஸ்டீராய்டு எடுத்ததால் வரும் தசைத் தளர்ச்சியில் உயராது. வைட்டமின் டி குறைந்து எலும்பு மென்மையாகும் நோயில் தொடையும் இடுப்பும் தளர்ந்து, தரையிலிருந்து எழ முடியாமல் போகும். பார்ப்பதற்கு அப்படியே தசைச்சிதைவு போல இருக்கும். சி.கே. சாதாரணமாகவும் ஆல்கலைன் பாஸ்பட்டேஸ் என்னும் நொதி உயர்ந்தும் இருக்கும். இது நம் நாட்டில் அரிதல்ல, முற்றாகக் குணமாகக் கூடியது. இதைத் தவறவிட்டு ஒரு பெண்ணைத் தீராத தசை நோயாளி என்று வீட்டுக்கு அனுப்புவது பெருங்கொடுமை.

வரிசை தவறுவதால் விளையும் தீங்கில் என்னை மிகவும் வருத்துவது கல்லீரல் பக்கம் திரும்பும் வழி. எஸ்.ஜி.ஓ.டி., எஸ்.ஜி.பி.டி. என்ற இரு நொதிகளைக் கல்லீரல் சோதனை என்றே எல்லோரும் அறிவார்கள், ஆய்வகத் தாளிலும் அந்தத் தலைப்பின் கீழேதான் அச்சாகின்றன. உண்மையில் இரண்டும் தசையிலும் இருக்கின்றன. தசை இழை கிழியும்போது கிரியேட்டின் கைனேசுடன் இவையும் வெளியே வருகின்றன. காய்ச்சலுக்கோ வயிற்றுவலிக்கோ இரத்தம் பார்த்தபோது இவை சில நூறுகளாக இருக்கும் ஒரு சிறுவன் உடனே கல்லீரல் நோயாளி ஆகிவிடுகிறான். மஞ்சள் காமாலைக் கிருமிகளுக்கு ஒரு வரிசைச் சோதனை, ஸ்கேன், செப்புச் சத்து அளவு, சில வேளைகளில் கல்லீரலிலிருந்தே துணுக்கு எடுப்பது வரை போகிறது. இத்தகைய சிறுவர்களைப் பற்றி மருத்துவ இதழ்களில் பல நாடுகளிலிருந்தும் மீண்டும் மீண்டும் எழுதியிருக்கிறார்கள். காமா ஜி.டி. என்னும் நொதி கல்லீரல் நோயில் உயரக்கூடியது, தசை நோயில் உயராது. அதையும் சி.கே.யையும் அதே இரத்தத்தில் பார்த்திருந்தால் போதும். ஒரு குழந்தையின் உடலில் தேவையில்லாமல் ஊசி இறங்குவதைத் தடுக்க இதைவிட எளிய வழி மருத்துவத்தில் வேறு இருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

அடுத்த படியில் இ.எம்.ஜி.யும் பயாப்சியும் நிற்கின்றன. தசைக்குள் மெல்லிய ஊசி மின்முனையைச் செலுத்தி, தசை சுருங்கும்போது எழும் மின்னலைகளைத் திரையில் பார்ப்பது இ.எம்.ஜி. இதற்கான ஊசியை ஏட்ரியனும் பிராங்க்கும் 1929இல் அறிமுகப்படுத்தினார்கள். தசையே நோயுற்றிருந்தால் அலைகள் சிறியனவாகவும் குறுகியனவாகவும் இருக்கும். நரம்பு அழிந்து, மிஞ்சிய நரம்புகள் அனாதையான இழைகளைத் தத்தெடுத்திருந்தால் அலைகள் பெரியனவாகும். நரம்பா தசையா என்பது தெளிவாகாத இடத்தில் இது மிகச் சிறந்த சோதனை. சி.கே. பதினைந்தாயிரமாக உள்ள, பருத்த கெண்டைக்காலோடு வந்த சிறுவனுக்கு இது வெறும் வலி. டுஷேன் பராமரிப்புக்கான பன்னாட்டு வழிகாட்டுதல்களும் இங்கே இ.எம்.ஜி. தேவையில்லை என்றே சொல்கின்றன. ஒரே சோதனை ஒரு நோயாளிக்கு இன்றியமையாததாகவும் மற்றொருவருக்கு வீணாகவும் இருப்பதை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது.

பயாப்சியைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதன் வெற்றி தோல்வி கத்தியைவிட அதைச் சுற்றியுள்ள கவனத்தில் இருக்கிறது. எந்தத் தசையில் எடுப்பது? முற்றிலும் அழிந்த தசையில் எடுத்தால் கொழுப்பும் தழும்பும்தான் கிடைக்கும், நோய் தொடாத தசையில் எடுத்தால் ஒன்றும் கிடைக்காது. மிதமாகத் தளர்ந்த தசையே சரியான இடம். அண்மையில் இ.எம்.ஜி. ஊசி குத்திய தசையில் எடுத்தால் ஊசி விளைத்த காயத்தையே நோய் என்று படித்துவிடும் ஆபத்து உண்டு. எடுத்த துணுக்கை வழக்கமான கட்டியைப் போல ஃபார்மலினில் போட்டு அனுப்பினால் நொதிச் சாயங்கள் எல்லாம் பயனற்றுப் போகும். திரவ நைட்ரஜனில் குளிர்வித்த ஐசோபென்டேனில் நொடிகளில் உறைய வைக்க வேண்டும். மெதுவாக உறைந்தால் பனிப்படிகங்கள் இழைகளைத் துளைத்துவிடும். இந்த வசதியும், படித்துச் சொல்லும் நோய்க்குறியியல் வல்லுநரும் இல்லாத இடத்தில் எடுக்கும் பயாப்சி குழந்தைக்குத் தழும்பையும் பெற்றோருக்குக் குழப்பத்தையும் மட்டுமே தரும். இருந்தும் பயாப்சி காலாவதியாகிவிட்டது என்று நான் சொல்ல மாட்டேன். தசை அழற்சி நோய்களில் அது இன்றும் முதன்மையான சான்று. எனினும் அங்கேயும் ஒரு பொறி இருக்கிறது. டிஸ்ஃபெர்லின் என்னும் புரதம் இல்லாததால் இளம் வயதில் வரும் பரம்பரைத் தசைச்சிதைவில், துணுக்கில் அழற்சி அணுக்கள் தென்படும், சி.கே.யும் ஆயிரக்கணக்கில் இருக்கும். அதைப் பாலிமயோசைட்டிஸ் என்னும் தசை அழற்சி நோய் என்று எண்ணி ஆண்டுக்கணக்கில் ஸ்டீராய்டு கொடுத்த வரலாறு பல நாடுகளில் உண்டு. மருந்தால் நோய் குறையவில்லை, பக்கவிளைவுகள் மட்டும் சேர்ந்தன.

இனி மரபணுவுக்கு வருவோம். 1986இல் பாஸ்டனில் லூயிஸ் குங்கலின் ஆய்வுக்கூடம் எக்ஸ் குரோமோசோமில் இந்நோய்க்குரிய மரபணுவைக் கண்டது. அடுத்த ஆண்டே அது உருவாக்கும் டிஸ்ட்ரோஃபின் புரதமும் தெரிந்தது. தசையின் மொத்தப் புரதத்தில் ஐம்பதாயிரத்தில் ஒரு பங்கு என்ற அளவிலேயே இருக்கும் இது, இழையின் உட்சட்டத்தை உறையோடு பிணைத்து வைக்கிறது. அது இல்லாவிட்டால் ஒவ்வொரு சுருக்கத்திலும் உறை கிழிகிறது. மெரியான் உருப்பெருக்கியில் கண்டதற்கும் எபாஷி இரத்தத்தில் கண்டதற்கும் ஒரே விளக்கம் கிடைத்தது. மனித மரபணுக்களிலேயே மிகப் பெரியவற்றுள் இது ஒன்று. 20 லட்சத்துக்கும் மேற்பட்ட எழுத்துகள், புரதத்துக்கான குறிப்பைத் தாங்கும் 79 துண்டுகள், அதாவது எக்ஸான்கள். நோயாளிகளில் மூன்றில் இரு பங்கு அளவுக்கு ஒன்றோ பலவோ எக்ஸான்கள் காணாமல் போயிருக்கும், சிலரிடம் இரட்டித்திருக்கும், மீதிப் பேரிடம் சிறு எழுத்துப் பிழைகள் இருக்கும். ஆகவே முதலில் எம்.எல்.பி.ஏ. என்ற முறையில் 79 எக்ஸான்களையும் எண்ணிப் பார்க்கிறார்கள், அதில் பிடிபடாவிட்டால் எழுத்து எழுத்தாகப் படிக்கிறார்கள். எண்ணுவதும் இரத்தத்தில்தான், படிப்பதும் இரத்தத்தில்தான். இதனால் பெரும்பாலான சிறுவர்களுக்குப் பயாப்சி தேவையற்றதாகிவிட்டது. நன்மையே.

அப்படியானால் படிப்படியாகப் போவானேன், வந்தவுடனேயே எல்லா மரபணுக்களையும் படிக்கும் எக்ஸோம் சோதனையைச் செய்துவிடலாமே, விலையும் ஆண்டுக்காண்டு குறைகிறதே என்று கேட்கிறார்கள். வலுவான கேள்வி. இதற்கு ஓரளவு நான் உடன்படுகிறேன். சி.கே. உயர்ந்து, பரம்பரை நோய் என்ற ஐயம் வலுத்தபின், கத்திக்கு முன்பு மரபணுவே வர வேண்டும். ஆனால் முதல் படியாக வர முடியாது. எழுத்துகளைப் படிக்கும் முறை, எக்ஸான்கள் இரட்டிப்பதையும் காணாமல் போவதையும் எப்போதும் நம்பகமாகப் பிடிப்பதில்லை, டுஷேனில் பெரும்பாலான பிழைகளோ அந்த வகையே. அதைவிட முக்கியம், பொருள் தெளிவில்லாத மாற்றங்கள் என்று அறிக்கைகளில் வரும் பட்டியல். நோயாளியின் தசை எப்படி இருக்கிறது, எண் எவ்வளவு, எந்தத் தசை தளர்ந்திருக்கிறது என்பது தெரிந்தவருக்குத்தான் அந்தப் பட்டியலில் எது நோய், எது வெறும் வேற்றுமை என்று பிரிக்க முடியும். 2017இல் வந்த ஓர் ஆய்வு, மரபணுவைப் படித்தும் விடை கிடைக்காத 50 நோயாளிகளின் தசைத் துணுக்கிலிருந்து ஆர்.என்.ஏ.வைப் படித்தது, 35 விழுக்காட்டினருக்கு விடை கிடைத்தது. புதிய முறையே மறுபடியும் பழைய துணுக்கைக் கேட்டு வந்தது. இவை எல்லாவற்றுக்கும் மேலாக, தைராய்டு குறைவும் வைட்டமின் டி குறைவும் தசை அழற்சியும் மரபணுவைப் படித்தால் தெரிவதில்லை. சிகிச்சையால் குணப்படுத்தவோ கட்டுப்படுத்தவோ கூடியவை அவைதாம். அவற்றைக் கடைசியில் தேடும் எந்த வரிசையும் தவறான வரிசை.

எல்லாவற்றிலும் கனமான மறுப்பு வேறொன்று. குணப்படுத்த முடியாத நோயை இரண்டாண்டு முன்னதாகச் சொல்லி என்ன பயன், அந்தக் குடும்பத்தின் இரண்டாண்டு நிம்மதியைப் பறிப்பதுதானே மிச்சம் என்பார்கள். இதை எளிதாகத் தள்ளிவிட எனக்கு மனமில்லை. அறிகுறியே இல்லாத பிறந்த குழந்தைகள் அனைவருக்கும் இந்தச் சோதனை வேண்டுமா என்பதில் இந்தக் கவலைக்கு உண்மையான இடம் உண்டு. வேல்ஸ் நாட்டில் 1990 முதல் 2011 வரை பெற்றோர் ஒப்புதலோடு மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட ஆண் குழந்தைகளுக்குக் குதிகால் இரத்தத்தில் இதைச் செய்து பார்த்தார்கள், பெரும்பாலான பெற்றோர் ஒப்புக்கொண்டார்கள். அந்த விவாதம் தொடரட்டும். நான் பேசுவது ஏற்கெனவே விழுந்து விழுந்து எழும் பையனைப் பற்றி. அவன் பெற்றோருக்கு நிம்மதி ஏற்கெனவே போய்விட்டது. இடம் இடமாக அலைகிறார்கள், சோம்பேறி என்று பள்ளியில் அவன் ஏச்சு வாங்குகிறான். ஸ்டீராய்டு தசையின் வலுவைக் கூட்டுகிறது என்று 1989இலேயே முறையான சோதனை காட்டியது, நடை நிற்பதை அது சில ஆண்டுகள் தள்ளிப்போடுகிறது. இதயத்தைக் கண்காணித்து முன்கூட்டியே மருந்து தொடங்க முடிகிறது. இன்னொரு செய்தி மயக்க மருந்து பற்றியது. சக்சினைல்கோலின் என்னும் தசைத் தளர்த்தி இந்தச் சிறுவர்களின் இரத்தத்தில் பொட்டாசியத்தைத் திடீரென உயர்த்தி இதயத்தை நிறுத்திவிடக் கூடியது. நோய் இருப்பது தெரியாமலே ஒரு சிறு அறுவைக்குப் படுக்க வைத்த குழந்தைகள் இறந்த நிகழ்வுகள் பதிவாகி, குழந்தைகளுக்கு அதை வழக்கமாகப் பயன்படுத்துவதற்கு எதிராக அமெரிக்காவில் எச்சரிக்கை விதித்தார்கள். பெயர் தெரியாத நோயும் இப்படிக் கொல்லும்.

தாயைப் பற்றியும் சொல்ல வேண்டும். மூன்றில் ஒரு பங்கு நோயாளிகளிடம் பிழை புதிதாகத் தோன்றியது. மற்றவர்களுக்குத் தாய் வழியாக வந்தது, அவளுக்குப் பெரும்பாலும் எந்தத் தொல்லையும் இருக்காது. முதல் மகனுக்கு ஐந்து வயதில் நோய் தெரியவரும்போது கையில் இரண்டாம் மகன் இருக்கிறான், அவனுக்கும் அதே நோய் என்ற நிலை குடும்பங்களை நொறுக்குகிறது. கருவில் இருக்கும் குழந்தைக்கு இத்தகைய பால்சார் மரபு நோய் இருக்கிறதா என்று பார்ப்பதை, இந்தியாவில் பாலினத் தேர்வைத் தடுக்கும் 1994ஆம் ஆண்டுச் சட்டமே அனுமதிக்கிறது. ஆனால் முதல் குழந்தையின் பிழை எந்த எக்ஸானில் என்று தெரிந்திருந்தால்தான் அது முடியும். முடிவெடுப்பது அந்தப் பெண்ணின் உரிமை. அவள் அறியாதிருக்கும்படி செய்வதற்கு மருத்துவத்துக்கு உரிமை இல்லை. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016இல் தசைச்சிதைவைத் தனி வகையாகச் சேர்த்தது. அதன் பலன்களுக்கும் முதலில் நோயின் பெயர் வேண்டும்.

வழி நம் கைக்கெட்டும் தூரத்தில்தான் இருக்கிறது. 2013இல் தொடங்கிய தேசியக் குழந்தைகள் நலத் திட்டத்தின்கீழ் நடமாடும் மருத்துவக் குழுக்கள் அங்கன்வாடிகளுக்கும் அரசுப் பள்ளிகளுக்கும் போகின்றன, வளர்ச்சித் தாமதம் அவர்கள் பார்க்க வேண்டியவற்றில் ஒன்று. ஐயமானவர்களை அனுப்ப மாவட்டத் தொடக்கநிலை இடையீட்டு மையங்கள் இருக்கின்றன. பதினெட்டு மாதமாகியும் தானே நடக்காத ஆண் குழந்தைக்கு சி.கே. பார்க்க வேண்டும் என்பது குழந்தை நரம்பியலில் நெடுங்காலமாகச் சொல்லிவரும் விதி. அதை அந்தக் குழுக்களின் அட்டையில் ஒரு வரியாகச் சேர்க்கலாம். அங்கன்வாடிப் பணியாளர் குழந்தையைத் தரையில் உட்கார்த்தி எழச் சொல்லிப் பார்க்கப் பழகலாம். ஆய்வகங்கள் தாங்களாகவே செய்யக் கூடிய மாற்றம் ஒன்றும் இருக்கிறது. குழந்தையின் எஸ்.ஜி.பி.டி. உயர்ந்து பிலிருபின் இயல்பாக இருந்தால், இரத்த மாதிரியைக் கொட்டுவதற்கு முன் அதே இரத்தத்தில் சி.கே.யும் பார்த்து மருத்துவருக்குத் தெரிவிக்க வேண்டும். புதிதாக ஊசி குத்த வேண்டியதில்லை. இந்த ஏற்பாட்டை மாவட்டத் தலைமை மருத்துவமனைகளின் ஆய்வகங்களில் தொடங்கிவிடலாம்.